எதிர்ப்பு சக்தியை ஏத்தப் போறீங்களா? கொஞ்சம் நில்லுங்க!

பதிவு போட்டு நாலு மாசம் ஆச்சு. ஆபீஸ்ல ஆணி அதிகம்கிறது ஒரு காரணம். இன்னொரு காரணம் எங்க பெரியம்மா. அவங்க கதையைச் சொல்லாம இந்தப் பதிவை எழுத முடியாது, அதனால அங்கேருந்தே ஆரம்பிக்கிறேன்.

பெரியம்மாவுக்கு ருமட்டாய்டு ஆர்த்ரைட்டிஸ். தமிழ்ல முடக்கு வாதம். பத்து வருஷத்துக்கு மேல ஆச்சு. காலைல எழுந்தா ஒரு மணி நேரத்துக்கு விரல் மடங்காது. டம்ளரை ரெண்டு கையாலயும் அணைச்சுப் பிடிச்சுதான் காப்பி குடிப்பாங்க. தீபாவளிக்குத் தெருவுக்கே முறுக்கு சுத்திக் கொடுத்த கை அது. மெத்தோட்ரெக்ஸேட் மாத்திரை பல வருஷம் தாக்குப் பிடிச்சது. அப்புறம் அதுவும் கைவிட்டதும், அடாலிமுமாப்னு ஒரு ஊசி போட்டுப் பார்க்கலாம்னு டாக்டர் சொன்னார்.

ஊசி ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி, பார்க்க வந்த சொந்தக்காரர் ஒருத்தர் கையோட ஒரு டப்பா பொடி கொண்டு வந்தார். "தெனம் ரெண்டு ஸ்பூன் சாப்பிடுங்கக்கா, எதிர்ப்பு சக்தி கும்முனு ஏறிடும்"னார். எனக்கு சுர்ருன்னு ஏறிடுச்சு. பெரியம்மா பிரச்சினையே எதிர்ப்பு சக்தி தறிகெட்டு வேலை பார்க்கறதுதான். எரியற வீட்டுக்கு விறகு தூக்கிட்டு வர்றீங்களேன்னு கேட்க வாய் வரைக்கும் வந்துச்சு. வயசுல பெரியவர், அடக்கிக்கிட்டேன். அங்கே கேட்காததைத்தான் இங்கே எழுதறேன் :-)

யார் இந்த டி.என்.எஃப்.?

அந்த ஊசி அடக்கறது ஒரே ஒரு புரதத்தை. பேரு ட்யூமர் நெக்ரோஸிஸ் ஃபேக்டர், சுருக்கமா டி.என்.எஃப். கட்டியை மடியச் செய்யற பொருள்னு அர்த்தம். பேரைக் கேட்டா புற்றுநோய் மருந்து மாதிரி இருக்கா? பேரு வெச்சவங்களுக்கும் அந்த ஆசை இருந்துச்சு. 1890-கள்ல நியூயார்க்ல வில்லியம் கோலின்னு ஒரு சர்ஜன், புற்றுநோய்க்காரங்க உடம்புல வேணும்னே பாக்டீரியாவை ஏத்திப் பார்த்தார். சிலருக்குக் கட்டி சுருங்குச்சு. 1975-ல அதே ஊர்ல லாயிட் ஓல்டோட குழு, பி.சி.ஜி. போட்ட எலிக்கு பாக்டீரியா நச்சையும் ஏத்தினா, அதோட ரத்தத்துல கட்டியைக் கொல்ற ஏதோ ஒண்ணு வருதுன்னு கண்டுபிடிச்சு இந்தப் பேரை வெச்சது.

அதே நியூயார்க்ல, ராக்ஃபெல்லர் பல்கலைக்கழகத்துல ஆன்டனி செராமியும் புரூஸ் பாய்ட்லரும் வேற கேள்வி கேட்டுட்டு இருந்தாங்க. நாள்பட்ட தொற்று வந்தா உடம்பு ஏன் எலும்பும் தோலுமா இளைச்சுப் போகுது? அதுக்குக் காரணமான புரதத்தைப் பிரிச்சு எடுத்து 'கேக்கெக்டின்'னு பேரு வெச்சாங்க. 1985-ல ஒப்பிட்டுப் பார்த்தா ரெண்டும் ஒரே ஆளு! கட்டியைக் கொல்ற ஹீரோவும் ஆளை உருக்குற வில்லனும் ஒருத்தரேதான்.

சரி, அவரோட நிஜமான வேலை என்ன? கால்ல முள்ளு குத்துதுன்னு வெச்சுக்குங்க. முள்ளோட உள்ளே போன கிருமியைப் பார்த்த உடனே மேக்ரோஃபேஜ்ங்கற செல்லு டி.என்.எஃப்-ஐ வெளியே விடும். ராத்திரி கூர்க்கா விசில் அடிக்கற மாதிரி. விசில் கேட்டு அந்த இடத்து ரத்தக் குழாய் விரியும், அதோட உள்சுவர் பசை தடவின மாதிரி ஆகும். ரத்தத்துல ஓடிட்டு இருந்த வெள்ளை அணுக்கள் அதுல ஒட்டி, இறங்கி சண்டைக்குப் போகும். சூடு, சிவப்பு, வீக்கம், வலி எல்லாம் இந்தக் கூட்டத்தோட அமளிதான். சத்தம் பெரிசானா மூளை வரைக்கும் எட்டி காய்ச்சல் வரும்.

விசில் கொஞ்ச நேரம் அடிச்சா ஊருக்கு நல்லது. திருடனே இல்லாம வருஷக்கணக்கா மூட்டுக்குள்ள அடிச்சா? கூடின கூட்டம் வீட்டையே இடிக்கும். குருத்தெலும்பு தேயும், எலும்பு அரிக்கும். இதுதான் பெரியம்மா விரல். உடம்பு முழுக்க எல்லா விசிலும் ஒண்ணா அடிச்சா ரத்த அழுத்தம் அதலபாதாளத்துக்குப் போய் உயிருக்கே ஆபத்து. 2020-ல கொரோனா நேரத்துல 'சைட்டோகைன் ஸ்டார்ம்'னு டிவி-ல கேட்டோமே, அந்தப் புயல்ல சுத்தற புரதங்கள்ல இவரும் ஒருத்தர்.

விசிலைப் பிடுங்கினா என்ன ஆகும்?

லண்டன்ல மார்க் ஃபெல்ட்மன், ரவீந்தர் மைனின்னு ரெண்டு பேர். மைனி நம்ம லூதியானாவுல பிறந்தவர். மூட்டுக்குள்ள நடக்கற கலாட்டாவுல எத்தனையோ புரதங்கள் இருந்தாலும், டி.என்.எஃப்-ஐ அடக்கினா மத்ததும் அடங்குதுன்னு ஆய்வகத்துல பார்த்தாங்க. 1992-ல சேரிங் கிராஸ் ஆஸ்பத்திரியில, எந்த மருந்துக்கும் அசையாத முடக்கு வாதக்காரங்களுக்கு டி.என்.எஃப்-ஐப் பிடிச்சுக் கட்டற ஆன்டிபாடியை ஏத்தினாங்க. முதல் ஆய்வுல 20 பேர். வலியும் வீக்கமும் மளமளன்னு குறைஞ்சது. 1998-லேருந்து இந்த வகை மருந்துகள் அமெரிக்காவுல ஒண்ணொண்ணா அனுமதி வாங்குச்சு. 2003-ல ரெண்டு பேருக்கும் லாஸ்கர் விருது. 2014-ல ஸைடஸ் கம்பெனி அடாலிமுமாபோட நகலை இந்தியாவுல விக்க ஆரம்பிச்சது, உலகத்துலயே முதல் நகல் அதுதான். பெரியம்மா மாதிரி ஆளுங்களுக்கு இந்த ஊசி எட்டினதுக்கு அதுவும் ஒரு காரணம்.

"அப்போ விசிலை மொத்தமா பிடுங்கிட்டா எல்லா வியாதியும் போயிடுமே?"ன்னு தோணுதுல்ல? பெரிய பெரிய டாக்டர்களுக்கே தோணுச்சு. ரத்தத்துல கிருமி பரவி ஷாக்ல கிடக்கறவங்களுக்கு இதே வகை மருந்து ஒண்ணைக் கொடுத்துப் பார்த்தாங்க. 1996-ல முடிவு வெளியாச்சு. மொத்தம் 141 பேர். மருந்தே கொடுக்காதவங்கள்ல 30 சதம் பேர் இறந்திருந்தாங்க. அதிக அளவு மருந்து வாங்கினவங்கள்ல 53 சதம்! காப்பாத்தப் போன மருந்து. இதய பலவீனம் இருக்கறவங்களுக்கு இன்னொரு டி.என்.எஃப். தடுப்பு மருந்தைக் கொடுத்துப் பார்த்தாங்க. 2003-ல வந்த முடிவுல, அதிக அளவு வாங்கினவங்க நிலைமை மோசமாச்சு. எலியில ஜோரா வேலை செஞ்சது, மனுஷன்கிட்ட வந்தா கதை மாறிப் போச்சு.

ஏத்தினாலும் ஆபத்து, இறக்கினாலும் ஆபத்து. எதிர்ப்பு சக்திங்கறது ரேடியோவுல வால்யூம் திருகற குமிழ் இல்ல மக்களே. எந்த இடத்துல, எப்போ, எவ்வளவு நேரம்கிறதுதான் கணக்கு.

நம்ம ஊருக்கு முக்கியமான மேட்டர்

டி.பி. கிருமி உள்ளே வந்தா பல பேருக்கு வியாதியா வெடிக்காது. மேக்ரோஃபேஜும் மத்த அணுக்களும் சுத்தி நின்னு, சுவர் கட்டி உள்ளேயே அடைச்சு வெச்சிடும். கிருமி சாகாது, ஜெயில்ல தூங்கும். வருஷக்கணக்கா, சில சமயம் ஆயுசு முழுக்க. அந்த ஜெயில் சுவர் இடியாம நிக்கறதுக்கு டி.என்.எஃப். வேணும். ஊசி போட்டு அதை அடக்கினா?

2001-ல அமெரிக்காவுலேருந்து ஒரு ஆய்வு வந்துச்சு. இன்ஃப்ளிக்ஸிமாப்ங்கற டி.என்.எஃப். தடுப்பு மருந்து எடுத்தவங்கள்ல டி.பி. வந்த 70 பேரைப் பத்தினது. அதுல 48 பேருக்கு மூணு டோஸுக்குள்ளேயே வந்துடுச்சு. பாதிக்கு மேல நுரையீரலைத் தாண்டி வேற இடத்துலயும் பரவியிருந்தது. இத்தனைக்கும் பெரும்பாலானவங்க டி.பி. குறைவா இருக்கற நாட்டுக்காரங்க. நம்ம நாட்டுல 2019-21-ல நடந்த தேசிய சர்வேயில, 15 வயசுக்கு மேல இருக்கறவங்கள்ல சுமார் 31 சதம் பேருக்கு உள்ளே தொற்று இருந்தது. மூணுல ஒருத்தர்னு வெச்சுக்குங்களேன். நீங்க, நான், பக்கத்து சீட்டுக்காரர்.

இப்போ பெரியம்மா கதைக்குத் திரும்பறேன். ஊசிக்கு முன்னாடி டாக்டர் கேட்டார், "வீட்டுல யாருக்காவது எப்பவாவது டி.பி. இருந்துச்சாம்மா?" பெரியம்மா பட்டுன்னு "இல்லீங்க"ன்னாங்க. அக்காவும் தலையாட்டினா. நானும் சும்மா இருந்தேன், எனக்கு நிஜமாவே தெரியாது. கூட வந்திருந்த எங்கம்மாதான் கொஞ்சம் தயங்கி, "மச்சானுக்கு இருந்துச்சேக்கா... சானடோரியத்துல சேர்த்தோமே"ன்னாங்க.

ரூம்ல அப்படி ஒரு அமைதி. பெரியப்பா போய் இருபது வருஷம் ஆச்சு. டி.பி. வந்தது அதுக்கும் முன்னாடி, அக்கா கைக்குழந்தையா இருந்தப்போ. 'டி.பி. வீட்டுப் பொண்ணு'ன்னு பேர் வந்தா அக்காவுக்கு நாளைக்கு மாப்பிள்ளை கிடைக்காதுன்னு அன்னைக்கு மூடின வாய். அக்காவுக்கே இன்னிக்கு காலேஜ் போற பையன் இருக்கான். பெரியம்மா மட்டும் இன்னும் அந்த ரகசியத்தைக் காவல் காத்துட்டு இருந்தாங்க.

டெஸ்ட் எடுத்தா, உள்ளே தொற்று இருந்தது. நல்லவேளை எக்ஸ்ரேயில வியாதி எதுவும் இல்ல. ஐசோனியாசிட் மாத்திரை ஆறு மாசத்துக்கு. முதல் ஒரு மாசம் அதைச் சாப்பிட்ட அப்புறம்தான் ஊசின்னு டாக்டர் கறாரா சொல்லிட்டார். "வலியோட இன்னும் ஒரு மாசமா?"ன்னு அக்கா என்கிட்ட சண்டை போட்டா. எங்கம்மா அன்னைக்கு வாயைத் திறக்கலேன்னா, டெஸ்ட்ல தப்பாம மாட்டியிருக்கும்னும் சொல்ல முடியாது. இந்த டெஸ்ட்டெல்லாம் சில சமயம் கோட்டை விடும், அதுவும் எதிர்ப்பு சக்தியை அடக்கற மாத்திரை சாப்பிடறவங்ககிட்ட. அதனாலதான் டாக்டர் வாயால கேட்கறார்.

என் கட்சி இதுதான்

ஒண்ணு, 'இம்யூனிட்டி பூஸ்டர்'னு எவர் டப்பா நீட்டினாலும், "எந்தப் புரதத்தை, எவ்வளவு ஏத்தும்?"னு கேளுங்க. மஞ்சளுக்கு நான் எதிரி இல்ல. மஞ்சள்ல இருக்கற குர்குமின் ஆய்வகத் தட்டுல டி.என்.எஃப்-ஐ குறைக்குதுதான். ஆனா வாய் வழியா சாப்பிட்டா ரொம்பக் கொஞ்சம்தான் ரத்தத்துல சேரும். ரசத்துல போடுங்க, மருந்துக்கு பதிலா போடாதீங்க. பெரியம்மாவுக்கு வந்த டப்பா மேல உள்ளே என்ன இருக்குன்னு ஒரு வரி கிடையாது. மெத்தோட்ரெக்ஸேட், ஐசோனியாசிட் ரெண்டும் கல்லீரலை உரசற மருந்து. டெஸ்ட் எடுத்து எடுத்து அதைக் காப்பாத்திட்டு இருக்கோம், நடுவுல பேர் தெரியாத பொடி எதுக்கு?

ரெண்டு, எதிர்ப்பு சக்தியை நிஜமாவே உருப்படியா மாத்தணும்னா தடுப்பூசி இருக்கு. அது விசில் சத்தத்தைக் கூட்டறதில்ல, திருடன் போட்டோவை முன்கூட்டியே காட்டி வைக்குது. (டி.என்.எஃப். ஊசி போடறவங்க எந்தத் தடுப்பூசியா இருந்தாலும் டாக்டரைக் கேட்டுட்டுப் போடுங்க, உயிருள்ள கிருமி வகை ஆகாது.)

மூணாவதுதான் முக்கியம். டி.பி. பத்தி டாக்டர் கேட்டா பொய் சொல்லாதீங்க. அது குடும்ப மானம் இல்ல, காத்துல வர்ற கிருமி. மருந்து கண்டுபிடிக்க லண்டன்லயும் நியூயார்க்லயும் இவ்வளவு பேர் மண்டையை உடைச்சுக்கிட்டாங்க. அந்த மருந்து நம்ம வீட்டுல ஆளைக் கொல்லாம இருக்க, ஒரே ஒரு உண்மையைச் சொன்னா போதும்.

போன வாரம் பெரியம்மாவுக்கு நாலாவது ஊசி. முறுக்கெல்லாம் இன்னும் சுத்தல. காப்பி டம்ளரை மட்டும் ஒத்தைக் கையால தூக்கினாங்க. எங்கம்மா அதைப் பார்த்துட்டு எதுவும் பேசாம அடுக்களைக்குள்ள போயிட்டாங்க.

டிஸ்கி: நான் டாக்டர் இல்ல, படிச்சதையும் பட்டதையும் எழுதறவன். மருந்து விஷயத்தை உங்க டாக்டர்கிட்ட கேளுங்க. உங்க வீட்டுலயும் இப்படி மூடி வெச்ச வியாதிக் கதை இருந்தா பின்னூட்டத்துல சொல்லுங்க, பேர் போடாம அனானியா வந்தாலும் சரிதான். பொடி விக்கறவங்க மட்டும் ஆட்டோ அனுப்பிடாதீங்க சாமி!