சாக்லெட் கோட்டில் ஒரு சூது

சாக்லெட் கட்டியின்மேல் குறுக்கும் நெடுக்குமாகக் கோடுகள் ஏன் போட்டிருக்கின்றன என்று கேட்டால், நம்மவரில் பெரும்பாலோர் அது அழகுக்காக என்று சொல்லிவிடுவார்கள். அது பங்கிடுவதற்காக ஏற்பட்டது. தோட்டத்து வீடுகளில் சம்பளத்தன்று ஒரு கட்டி வாங்கி நான்கு பிள்ளைகளுக்கு ஒடித்துக் கொடுக்கும் தாய்க்கு அந்தக் கோடுதான் தராசு. இத்தனை கட்டம் இவனுக்கு, இத்தனை கட்டம் அவளுக்கு என்று எண்ணிக் கொடுக்கிறாள். அவள் எண்ணிக்கையை நம்புகிறாள் என்பதை முதலாளிகள் நன்றாக அறிவார்கள். சூது அங்கேதான் தொடங்குகிறது.

உருக்கிய சாக்லெட்டைப் பதமாகக் குளிர்வித்து அச்சில் வார்க்கிறார்கள். அச்சிலுள்ள மேடு பண்டத்தில் பள்ளமாகிறது. பள்ளத்தில் கனம் குறைவாதலால் கை கொடுக்கும் விசையெல்லாம் அங்கே கூடி, கட்டி நேராக ஒடிகிறது. (நமது ஜோகூர் வெயிலில் கடைக்காரர் வெளியே வைத்துவிட்டால் ஒடிவதேது? வளையத்தான் வளையும்.) ஆகவே பள்ளம் இருப்பது நியாயம். ஆனால் எவ்வளவு அகலம் இருப்பது நியாயம்?

2016ஆம் ஆண்டு இங்கிலாந்தில் டொப்ளரோன் என்னும் சாக்லெட்டை விற்ற கம்பெனியார், மலைமுகடு போன்ற துண்டுகளுக்கு இடையிலிருந்த பள்ளத்தை அகலமாக்கினார்கள். 170 கிராம் கட்டி 150 கிராமாயிற்று. 400 கிராம் 360 ஆயிற்று. பெட்டியின் நீளம் குறையவில்லை! ஜனங்கள் கூச்சலிட்டார்கள், 2018இல் பழைய வடிவம் திரும்பிற்று. 2012இல் அதே நாட்டில் காட்பரி டெய்ரி மில்க் கட்டங்களின் மூலைகள் வளைந்து உருண்டன. 49 கிராம் 45 ஆயிற்று. மூலையைச் சுரண்டுவதும் பள்ளத்தைத் தோண்டுவதும் ஒரே கைவேலைதான்.

கொக்கோ விலை ஏறிவிட்டதே, வியாபாரி என்ன செய்வான் என்று சிலர் பரிந்து பேசக்கூடும். ஏறியது உண்மை. 2024இல் ஒரு டன் கொக்கோ பத்தாயிரம் அமெரிக்க டாலரைத் தாண்டிற்று. அந்தச் சங்கடம் நமது பாசிர் கூடாங்குக்குத் தெரியாததன்று. குவான் சோங் கம்பெனியின் ஆலை இங்கேதான் கொக்கோவை அரைத்து நெய்யும் தூளும் ஆக்குகிறது. 1990ஐ ஒட்டிய காலத்தில் மலேசியாவில் ஆண்டுக்கு இரண்டு இலட்சம் டன்னுக்கு மேல் விளைந்த கொக்கோ, செம்பனை பரவியபின் பேருக்கு மட்டும் நிற்கிறது. ஆலைகள் வெளிநாட்டுக் கொட்டையையே பெரிதும் நம்பியிருக்கின்றன. விலை ஏறினால் விலையை ஏற்றட்டும். அது பகிரங்கமான காரியம். வாங்குகிறவன் முணுமுணுத்துவிட்டு வாங்குவான், அல்லது வாங்காமற் போவான். விலைச்சீட்டை அப்படியே விட்டுப் பள்ளத்தை அகலமாக்குவது எந்த ஊர் யோக்கியதை? செம்பனைக் குலை நிறுக்குமிடத்தில் நாள்தோறும் நின்று கணக்கெழுதும் நாம் கேட்கிறோம்: ஒரு குலையைக் குறைத்தெழுதினால் ஆட்கள் நம்மைச் சும்மா விடுவார்களா?

ஹாலந்தில் 2005இல் தோன்றிய டோனிஸ் சொகோலோன்லி என்ற கம்பெனி துண்டுகளைச் சமமில்லாமலே வார்க்கிறது. சாக்லெட் தொழிலில் பங்கு சமமாக இல்லை யென்பதை வாயில் போடுகிறவனுக்கு உணர்த்துவதற்காம்! நான்கு பிள்ளைகள் உள்ள வீட்டில் இது சண்டைக்குத்தான் வழி. ஆயினும் வெளிப்படையாய்ச் சொல்லிச் செய்கிற கோணல், மறைத்துச் செய்கிற நேர்த்தியைவிட நமக்குப் பிடித்திருக்கிறது.

எடைதான் உறையில் அச்சிட்டிருக்கிறதே என்பார்கள். ஆங்கிலப் பள்ளியில் பயின்ற நாமே அந்த எழுத்தை மூலைமுடுக்கெல்லாம் தேடவேண்டியிருக்கையில், வேலை முடித்து இருட்டும் நேரத்தில் கடைக்கு வரும் பெண்மணி எங்கே தேடுவாள்? கட்டத்துக்குக் கட்டம் தங்கள் பெயரைப் பொறிக்க அச்சில் இடம் கண்டவர்களுக்கு, இத்தனை கிராம் என்று இரண்டு இலக்கம் பொறிக்க இடமில்லையா? அதைப் பொறிக்கும்வரை நம்மவர்கள் கட்டத்தை எண்ணாமல், கிராமைக் கேட்டே வாங்கவேண்டும். கடைக்காரர் முகஞ்சுளித்தால் சுளிக்கட்டும்.