கிழியாத சுவடிகளுக்கு எதிராக

கற்பனை உலகக் கதைகளில் பழஞ்சுவடி வந்தாலே எனக்கு இப்போதெல்லாம் கொட்டாவி வருகிறது. ஒரு குகை, குகைக்குள் பெட்டி, பெட்டிக்குள் ஆயிரம் வருடத்து ஏடு. பூச்சி அரிப்பு கிடையாது, ஈரக்கறை கிடையாது. நாயகன் திறக்கிறான், படிக்கிறான், உடனே புரிந்துவிடுகிறது. அடுத்த மூன்று அத்தியாயத்துக்குத் தேவையான தகவல் எல்லாம் வரிசையாக இருக்கிறது. பாஸ், அதுக்குப் பேரு சுவடி இல்ல, யூஸர் மேனுவல். (நிஜ மேனுவல்கூட இவ்வளவு ஒழுங்கா இருக்காது. அந்தத் தொழில்லதான் இருக்கேன்.)

இப்படி எழுதுகிறவர்கள் பலரும் தங்கள் முன்னோடி என்று கைகாட்டுவது லவ்கிராஃப்டின் ‘நெக்ரனாமிகா’னை. இல்லாத ஒரு மந்திர நூல். ஆனால் அதை அவர் எப்படிக் கட்டினார் என்று யாரும் பார்ப்பதில்லை. 1927இல் அந்த நூலுக்கு ஒரு பொய் வரலாறு எழுதிவைத்தார். எட்டாம் நூற்றாண்டில் டமாஸ்கஸில் அப்துல் அல்ஹஸ்ரத் என்பவன் அரபியில் எழுதுகிறான். 950இல் கிரேக்கத்துக்குப் போகிறது. 1050இல் எரிக்கிறார்கள். 1228இல் லத்தீன். 1232இல் போப் தடை போடுகிறார். லத்தீனில் வரும்போதே அரபி மூலம் தொலைந்துவிட்டது. அதாவது, கதையில் யாரும் மூலத்தைத் தொடுவதே இல்லை; எல்லாரும் பிரதியின் பிரதியோடுதான் மல்லுக்கட்டுகிறார்கள். (பைத்தியக்கார அரபிக் கவிஞன் என்ற அந்தத் தேய்ந்த படிமத்துக்காகவும் அவருடைய இனவெறிக்காகவும் லவ்கிராஃப்டைத் திட்ட ஒரு தனிக் கட்டுரை வேண்டும். இங்கே அவர் செய்த வேலையை மட்டும் பேசுகிறேன்.)

1929இல் வெளியான ‘தி டன்விச் ஹாரர்’ கதையை எடுத்துக்கொள்ளுங்கள். வில்பர் வாட்லி என்கிற எட்டடி ஆளிடம் அந்த நூலின் ஆங்கிலப் பிரதி ஒன்று இருக்கிறது. அரைகுறைப் பிரதி. அவனுக்கு வேண்டிய மந்திரம் 751ஆம் பக்கத்தில் இருந்திருக்க வேண்டும்; அந்த இடம் இல்லை. உலகத்தையே அழிக்கத் திட்டம் வைத்திருப்பவன் என்ன செய்கிறான்? நூலகங்களுக்குக் கடிதம் போட்டுப் புத்தகத்தை இரவல் கேட்கிறான்! யாரும் தரவில்லை. லத்தீன் பிரதியோடு ஒப்பிட நேரிலேயே மிஸ்கடோனிக் பல்கலைக்கழகத்துக்கு வருகிறான். நூலகர் கொடுக்க மாட்டேன் என்கிறார். கடைசியில் ராத்திரியில் திருட வந்து, காவல் நாயிடம் கடிபட்டுச் சாகிறான். ஒரு பக்கம் குறைந்ததால் கதை நகர்கிறது. அந்தப் பக்கம் அவன் கையில் இருந்திருந்தால் நூலகரும் இல்லை, நாயும் இல்லை, கதையும் இல்லை.

“மாய உலகம்தானே, மந்திரம் ஏட்டைக் காப்பாத்தியிருக்கும்” என்பார்கள். சரி, காப்பாற்றட்டும். அப்படியென்றால் அதைப் படிக்கும் மொழியையும் மந்திரமே கற்றுக்கொடுத்ததா? எழுதியவனுக்குக் கை வலிக்கவில்லையா? படியெடுத்தவன் ஒரு வரி தாண்டிப் போகவில்லையா? பிடிக்காத பகுதியை எவனும் விட்டுவிடவில்லையா? இந்தக் கேள்விகளுக்கு இடமே தராத புத்தகத்தில் மனிதக் கை படவில்லை என்று அர்த்தம். மனிதக் கை படாத புத்தகத்தோடு சண்டை போட முடியாது, கீழ்ப்படியத்தான் முடியும்.

இது வெறும் ரசனைத் தகராறு இல்லை. நம்மில் பலர் பழைய ஏடு ஒன்றை முதலில் சந்திப்பதே விளையாட்டுகளிலும் தொடர்களிலும்தான். பழசு என்றால் முழுசு, முழுசு என்றால் உண்மை என்று அங்கே பழகிவிடுகிறோம். அப்புறம் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் “அந்தக் காலத்துச் சுவடியிலேயே இதை எழுதி வெச்சிட்டாங்க” என்று ஒன்று வருகிறது. எந்தச் சுவடி, யார் படியெடுத்தது, வேறு பிரதியில் என்ன இருக்கிறது என்று கேட்க நமக்குத் தோன்றுவதில்லை. கேட்டால் பெரியப்பா கோபித்துக்கொள்வார், அது வேற விஷயம்.

ரசிகர்களும் இதில் கூட்டாளிகள். ஓட்டை இருந்தால் பொறுக்காது, அடைத்தே ஆகவேண்டும். 1977இல் ‘சைமன்’ என்ற புனைபெயரில் ஒரு முழு ‘நெக்ரனாமிகான்’ அச்சில் வந்தது. சுமேரியத் தெய்வங்கள், முத்திரைகள், சடங்குகள் எல்லாம் உண்டு, பயம் மட்டும் இல்லை. இப்படி யாராவது எழுதினால் ஏமாற்றமாகத்தான் இருக்கும் என்று லவ்கிராஃப்டே கடிதத்தில் சொல்லியிருந்தார். அவர் 1937இலேயே இறந்துவிட்டதால் தப்பித்தார்.

இதற்கு நேர் எதிராக டோல்கீனின் மஸர்புல் புத்தகம். மோரியாவுக்குத் திரும்பிப் போன குள்ளர்கள் எழுதிவைத்த குறிப்பேடு. மந்திரம் எதுவும் இல்லை, யார் வந்தார்கள், யார் செத்தார்கள் என்ற கணக்குதான். வெட்டுப்பட்டு, பாதி கருகி, ரத்தக்கறையோடு கிடைக்கிறது. காண்டால்ஃப் மாதிரி ஒரு மந்திரவாதிக்கே திக்கித் திக்கித்தான் படிக்க வருகிறது. பல பேருடைய கையெழுத்து, ஒன்றுக்கு மேற்பட்ட எழுத்துமுறை. ஒரு பக்கத்தை எழுதியவன் ஓரியாக இருக்க வேண்டும் என்கிறான் கிம்லி: வேகமாக எழுதக்கூடியவன், எல்ஃப் எழுத்தை அடிக்கடி பயன்படுத்துவான். கிழிந்த தாளில் இருக்கும் எழுத்தைப் பார்த்தே ஒரு ஆளை அடையாளம் கண்டுகொள்கிறார்கள். சர்வர் விழுந்த ராத்திரியின் லாக் ஃபைலைப் படித்தவர்களுக்கு அந்தப் புத்தகம் நன்றாகப் புரியும்: நிதானமான பதிவுகள், பிறகு அவசரம், பிறகு ஒரு இழுப்பு, அவ்வளவுதான்.

அந்தப் பக்கங்களை டோல்கீன் தன் கையாலேயே செய்தார். எழுதி, ஓரத்தைப் புகைக்குழாயால் சுட்டு, தையல் ஓட்டை போட்டு, சிவப்புச் சாயம் பூசினார். வண்ணத்தில் அச்சடிக்கச் செலவாகும் என்று பதிப்பாளர் மறுத்ததால் 1954இல் நாவல் அவை இல்லாமலேயே வெளிவந்தது. ஒரு வாசகனும் குறை சொல்லமாட்டான் என்று தெரிந்தும், கதையில் சில நிமிடமே வரும் ஒரு புத்தகத்துக்காக ஒரு பேராசிரியர் உட்கார்ந்து தாளைக் கருக்கியிருக்கிறார்.

அந்த ஏட்டை டாயினிடம் கொண்டுபோகச் சொல்லி காண்டால்ஃப் கிம்லி கையில் கொடுக்கிறார். கிம்லி தெற்கே போரில் இருக்கும்போதே டாயின் வடக்கே சண்டையில் இறந்துபோகிறான்.