கிணற்றடிக் கதைக்குக் கோடு போடாதீர்கள்

கொஞ்சம் நீளமான பதிவு. வீட்டில் வயதானவர்கள் இருப்பவர்கள் தயவுசெய்து கடைசி வரை வாசியுங்கள்.

போன தவணை தரம் 7 பிள்ளைகளுக்குத் தமிழ்ப் பாடத்தில் ஒரு வேலை கொடுத்தோம். வீட்டு மூத்தவர் ஒருவரிடம் கதை கேட்டு எழுதி வர வேண்டும். வந்த கொப்பிகளில் பாதிக்கு மேல் காகமும் நரியும், ஆமையும் முயலும்தான். ஒரு பிள்ளை மட்டும் புத்தளத்தில் இருக்கும் உம்மும்மாவிடம் வட்ஸ்அப்பில் கேட்டு எழுதியிருந்தது. சோனகதெருவில் இருந்த பழைய வீட்டுக் கிணற்றடிக் கதை. இஷாவுக்குப் பிறகு வாளியை வெறுமையாக விடமாட்டார்களாம். தஹஜ்ஜுத் நேரத்தில் வெள்ளை உடுப்போடு ஒருவர் வுழூச் செய்ய வருவாராம். விடிந்து பார்த்தால் வாளியில் தண்ணீர் குறைந்திருக்குமாம். அரைப் பக்கக் கதை. அதற்குக் குறுக்கே சிவப்புப் பேனையால் ஒரு கோடு. வாப்பா போட்டது. "இப்பிடிக் கதையெல்லாம் எழுதக்கூடாது, வேற எழுது" என்றாராம்.

அந்த வாப்பாவோடு எங்களுக்குக் கோபம் இல்லை. மார்க்கத்தில் பேணுதலாகப் பிள்ளையை வளர்க்க நினைப்பவர். ஆனால் அந்தக் கோடு எங்களைப் பல நாள் யோசிக்க வைத்தது.

நம் கதைகள் இரண்டு முறை அழிகின்றன. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி இரண்டு மணிநேர அவகாசத்தில் நாம் ஊரை விட்டு அனுப்பப்பட்டபோது வீடு, நகை, உறுதி, புத்தகம் எல்லாம் போயின. தலைக்குள் இருந்ததை மட்டும் கொண்டு போனோம். அதை இப்போது நாமே வெட்டுகிறோம். அன்று 30 வயதில் இருந்தவர் இன்று 65ஐத் தாண்டிவிட்டார். ஜனாஸா அறிவித்தல் வரும்போதெல்லாம் ஒரு தெருவின் கதையும் சேர்ந்து அடங்குகிறது.

நம் வெளியேற்றம் பற்றி எழுதியிருக்கிறார்கள். எருக்கலம்பிட்டியில் பிறந்த பேராசிரியர் ஹஸ்புல்லாஹ் அதற்காகவே உழைத்தார். மானிடவியலாளர் ஷரிகா திராணகம புத்தளத்தில் நம் மக்களோடு இருந்து கேட்டவற்றை 2011இல் வந்த தன் ஆங்கில நூலில் பதிந்தார். அவர்களுக்கு நாம் கடன்பட்டவர்கள். ஆனால் வெளியேற்றத்துக்கு முந்தைய கதைகளை யார் கேட்பது? தாலாட்டு, சஹருக்கு எழுப்ப றபான் அடித்து வந்த பாவாமார், தையல் கடை வாங்கில் இருந்து அளந்த கதைகள், ஜின் கதைகள்? கிழக்கு முஸ்லிம்களின் நாட்டார் பாடல்களை நிந்தவூர் எஸ். முத்துமீரான் ஊர் ஊராகத் தேடித் தொகுத்தார். அப்படி ஒரு வேலை நம் தெருக்களுக்கும் வேண்டும்.

தொலைவில் இருந்து ஓர் உதாரணம். ஒல்லாந்தர் என்றால் நமக்குக் கோட்டைதான் நினைவு. அந்த நாட்டின் வடக்கில் பிரீஸ்லாந்து என்றொரு மாகாணம். அங்கே ஒல்லாந்த மொழிக்குப் பக்கத்தில் பிரீசியம் என்ற சிறிய மொழியும் பேசுகிறார்கள். 1960களில் தாம் யார்ஸ்மா என்பவர் அங்கே வயதானவர்களின் வீடு தேடிப் போய்க் கதை கேட்டார். சூனியக்காரி, பேய், பகிடி என்று பத்தாயிரத்துக்கும் மேல் எழுதி வைத்தார். பின்னர் ஈபே போர்ட்டிங்கா என்ற அறிஞர் அப்படிச் சேர்த்த வாய்மொழிக் கதைகளை 1976 முதல் நூல்களாக வெளியிட்டார். கதை சொன்னவர்கள் பெரும்பாலும் சாதாரண உழைப்பாளிகள். அங்கும் பைபிளை இறுகப் பிடித்த மக்கள் இருந்தார்கள். சூனியக்காரிக் கதையைப் பதிந்ததால் அவர்களின் மார்க்கம் கெட்டுவிடவில்லை.

"ஷிர்க்கான கதைகளைப் பரப்பச் சொல்கிறீர்களா?" என்று கேட்பீர்கள். இல்லை. பதிவது வேறு, நம்புவது வேறு. ஹதீஸ் கலை இமாம்கள் ஸஹீஹானதை மட்டுமா எழுதினார்கள்? பலவீனமானதையும் இட்டுக்கட்டப்பட்டதையும் கூட யார் யாரிடம் கேட்டார் என்ற தொடரோடு எழுதி, இது இன்ன தரம் என்று குறித்தார்கள். கிணற்றடிக் கதையை ஹதீஸோடு ஒப்பிடவில்லை, அல்லாஹ் பாதுகாக்க வேண்டும். அந்த ஒழுங்கைத்தான் சொல்கிறோம்: எழுது, யார் சொன்னது என்று குறி, இது நம்பிக்கை இல்லை, கதை என்று பிள்ளைக்குச் சொல்லிக்கொடு.

இன்னொரு பயமும் இருக்கிறது. பழைய கதை கிளறினால் பழைய சண்டை வரும் என்று. யாழ்ப்பாண வைபவமாலையில் நம்மைப் பற்றி ஒரு கதை வருகிறது. சோனகர் நல்லூர்ப் பக்கம் குடியிருந்தார்கள், அவர்களை எழுப்ப அவர்களுடைய கிணறுகளில் பன்றி இறைச்சி போடப்பட்டது, அதனால் அங்கிருந்து நகர்ந்தார்கள் என்று. அதே நல்லூரைப் பற்றி நம் மூத்தவர்கள் இன்னொரு கதை சொல்வார்கள். கந்தசுவாமி கோயில் வளவில் ஒரு முஸ்லிம் பெரியாரின் அடக்கத்தலம் இருந்தது, முஸ்லிம்கள் போய்வர மதிலில் ஒரு வாசல் விட்டிருந்தார்கள் என்று. ஒன்று பகை, ஒன்று விட்டுக்கொடுப்பு. ஒன்றை மட்டும் பிள்ளைக்குச் சொன்னால் அது பாதிக் கதை. இரண்டையும் கேட்டு வளரும் பிள்ளைதான் பக்கத்து மேசைத் தமிழ்ப் பிள்ளையோடு நேராகப் பேசும்.

இனிச் செய்ய வேண்டியது. கைத்தொலைபேசி எல்லோரிடமும் இருக்கிறது. வெள்ளி பின்னேரம் அரை மணிநேரம் போதும். அனுமதி கேட்டுப் பதியுங்கள். பெயர், வயது, இருந்த தெரு, கதையை யாரிடம் கேட்டார் என்பதை முதலில் சொல்ல வையுங்கள். இடையில் திருத்தாதீர்கள், "கிணத்தடி" என்றால் "கிணத்தடி"யாகவே இருக்கட்டும். ஒரே கதையை இரண்டு பேர் வேறு மாதிரிச் சொன்னால் இரண்டையும் வையுங்கள். பெண்களிடம் பெண் பிள்ளைகளை அனுப்புங்கள், அங்கேதான் தாலாட்டும் கலியாண வீட்டுப் பாட்டும் இருக்கின்றன. புத்தளத்திலும் நீர்கொழும்பிலும் கொழும்பிலும் உள்ள உறவுகளுக்கும் இதை அனுப்புங்கள். சேர்ந்ததை நூலகம் நிறுவனம் போன்ற ஓர் இணைய ஆவணகத்தில் வைப்பது பற்றிப் பள்ளி நிர்வாகங்களோடும் பெற்றோரோடும் பேசுவோம்.

மீளக் குடியேற வந்தபோது இந்த ஊரில் இருந்தோம் என்பதற்கு எத்தனை கடிதங்கள் காட்ட வேண்டியிருந்தது என்பது உங்களுக்குத் தெரியும். அந்த உம்மும்மாவிடம் ஒரு கடிதமும் இல்லை. ஆனால் கிணறு வீட்டின் எந்தப் பக்கம், வாளி எந்தக் கப்பியில், தொட்டி எங்கே என்று எல்லாம் தெரியும். வீடு கூரை இல்லாமல் கிடக்கிறது. கிணறு இன்னும் இருக்கிறது.

அந்தக் கொப்பிக்கு முழுப் புள்ளி போட்டோம். வாப்பாவையும் கூப்பிட்டுக் கதைத்தோம். அடுத்த முறை புத்தளம் போகும்போது தானே கேட்டுப் பதிவதாகச் சொல்லியிருக்கிறார். இன்ஷா அல்லாஹ்.

உங்கள் வீட்டில் யார் இருக்கிறார்கள்? இந்த வெள்ளிக்கிழமையே கேளுங்கள்.