வாங்க வயது 18, சுற்ற வயது?

பதினெட்டு வயது நிறையாதவருக்குப் பீடி, சிகரெட், புகையிலை விற்பது குற்றம் என்று 2003-ம் ஆண்டு பார்லிமெண்ட் சட்டம் செய்தது. கல்வி நிலையங்களைச் சுற்றி 100 கெஜத்துக்குள் எவருக்குமே விற்கக் கூடாது என்கிறது அதே 6-வது பிரிவு. மீறினால் 200 ரூபாய் வரை அபராதம். இச்சட்டத்தை நாம் ஆதரிக்கிறோம். வாங்குகிற பையனைத் தண்டிக்காமல் விற்கிறவரைப் பிடிப்பதும் சரியே.

ஆனால் மில் வாசலில் நடப்பது என்ன? ஷிப்ட் முடிந்து வரும் பயிற்சிப் பையன் ஒற்றைச் சிகரெட் கேட்கிறான், கிடைக்கிறது. களத்துமேட்டில் பெரியவர்களுக்குப் பீடி வாங்கிவரச் சிறுவனைத்தான் அனுப்புகிறார்கள். (நம் தோழர்களில் சிலரும் இதைச் செய்கிறார்கள்.) முழுப் பெட்டி வாங்கக் காசில்லாத வயதில்தான் பழக்கம் பிடிக்கிறது. ஒன்றிரண்டாக வாங்குகிறவன் கண்ணில் பெட்டியின் எச்சரிக்கைப் படமும் படுவதில்லை. இந்தச் சில்லறை விற்பனையைத் தடுக்கவும் வயதை 21 ஆக்கவும் 2021 ஜனவரியில் மத்திய சர்க்கார் ஒரு நகல் மசோதாவை வெளியிட்டது. நகல் ஆண்டுக்கணக்கில் நகலாகவே கிடந்தது. கர்நாடக சட்டசபை 2024-ல் தனியே மசோதா நிறைவேற்றி 21 என்று வைத்தது.

2015-ம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டமோ, சிறுவனுக்குப் புகையிலை கொடுத்தால் 7 ஆண்டு வரை கடுங்காவல், ஒரு லட்சம் வரை அபராதம் என்கிறது. ஒரே குற்றத்துக்கு ஒரு சட்டத்தில் 200 ரூபாய், இன்னொன்றில் 7 ஆண்டு! எதுவானாலும் விழுவது பெட்டிக்கடைக்காரர் தலையில்தான். கம்பெனியின் வாசற்படியை எந்த இன்ஸ்பெக்டரும் மிதிப்பதில்லை. எப்படி மிதிப்பார்? நாட்டின் மிகப் பெரிய சிகரெட் கம்பெனியான ஐ.டி.சி.யில் பிரிட்டிஷ் புகையிலை ஏகபோகத்துக்குப் பெரும் பங்கு இருக்கிறது. தொழிலாளியின் பிரிமியப் பணம் குவிந்துள்ள எல்.ஐ.சி.க்கும் இருக்கிறது. ஒரு கையால் எச்சரிக்கைப் படம், மறு கையால் டிவிடெண்ட்!

நியூஸிலாந்தைப் பாருங்கள். 2009 ஜனவரி 1 முதல் பிறந்தவர்களுக்கு என்றைக்குமே சிகரெட் விற்கக் கூடாது என்று 2022 டிசம்பரில் அங்கே சட்டம் வந்தது. புதிய வலதுசாரி சர்க்கார் 2024 பிப்ரவரியில் அதை ரத்துச் செய்தது. வரிக் குறைப்புக்குப் புகையிலை வருமானம் உதவும் என்று நிதி மந்திரியே சொன்னார்.

இங்கே இன்னொரு கேள்வியும் உண்டு. பீடியை வாங்கத்தான் 18, சுற்றுவதற்கு? நெல்லை, தென்காசி, வேலூர் வட்டாரங்களில் காண்டிராக்டர் இலையும் தூளும் அளந்து கொடுக்கிறார். தாய் வீட்டில் உட்கார்ந்து சுற்றுகிறாள். கூலி ஆயிரத்துக்கு இவ்வளவு என்ற கணக்கு. ஆயிரம் முடியாவிட்டால் அடுப்பு எரியாது. ஆகவே பள்ளி விட்டு வந்த மகள் முனை மடிக்கிறாள், நூல் கட்டுகிறாள். அந்த நெடியும் தூளும் அவள் நெஞ்சுக்குள்ளும் போகின்றன. 1986-ம் ஆண்டின் குழந்தைத் தொழிலாளர் சட்டம் பீடி தயாரிப்பைத் தடைப் பட்டியலில் வைத்தது. குடும்பத்தார் உதவியோடு நடந்தால் பொருந்தாது என்று அதே பிரிவிலேயே ஓட்டையும் வைத்தது. 2016 திருத்தம் 14 வயதுக்குட்பட்டோருக்கு எல்லா வேலையையும் தடுத்தது. பள்ளி நேரம் போகக் குடும்பத் தொழிலில் உதவலாம் என்ற விலக்கு மட்டும் தங்கிவிட்டது. ஆபத்தான தொழிலுக்கு இவ்விலக்கு இல்லை என்கிறார்கள். வீட்டுத் திண்ணைக்கு வந்து யார் பார்க்கிறார்கள்?

தாயின் மேல் வழக்குப் போட்டால் மகளின் விரல் ஓயாது. பிள்ளையின் கை சேராமலே குடும்பம் பிழைக்கும் அளவுக்கு ஆயிரம் பீடிக்குக் கூலி உயர வேண்டும். வீட்டில் சுற்றும் ஒவ்வொரு பெண்ணின் பெயரும் கம்பெனி ரிஜிஸ்தரில் ஏறி, பிராவிடண்ட் பண்டு கிடைக்க வேண்டும். தொழிலை விட விரும்புவோருக்கு மாற்று வேலையைச் சர்க்கார் தர வேண்டும். சில்லறை விற்பனை ஒழிய வேண்டும். சிறுவர் கைக்குச் சரக்குப் போனால் சப்ளை செய்த கம்பெனியும் கூண்டில் ஏற வேண்டும். மில் சங்கங்கள் தங்கள் வாசல் கடைகளிலிருந்தே இதைத் தொடங்கலாம். கடைக்காரரை மிரட்ட வேண்டாம், உட்கார்ந்து பேசுங்கள்.