தாதாவுக்கு ண வராது!

ரவுடி ஒருத்தன் 'டீசன்ட்' ஆகப் பாடுபடுகிற மராத்தி காமெடிகளில் எனக்கு ஒரு சந்தேகம். அவன் கத்தியைக் கீழே போடணுமா, நாக்கைத் திருத்திக்கணுமா?

மராத்தியில் 'ஆணி' என்றால் 'மற்றும்'. அதை 'ஆனி' என்று சொல்லிவிட்டால் போச்சு. புனே சதாசிவ் பேட் பெரியவர்கள் முகம் சுளிப்பார்கள். (நம்மூர் ழகரப் பஞ்சாயத்து மாதிரிதான்.) தாதாவை நாலு தடவை இப்படி உளற வைத்தால் தியேட்டரில் சிரிப்பு கேரண்டி.

இந்தப் படங்களுக்கெல்லாம் ஒரு பாட்டி உண்டு. பெர்னார்ட் ஷாவின் 'பிக்மேலிய'னை பு.ல. தேஷ்பாண்டே 'தி ஃபுல்ராணி' என்று மராத்தி நாடகமாக்கினார். 1975-ல் பக்தி பர்வே பூக்காரியாக நடித்துக் கலக்கினார். அதில் எனக்கு வழக்கே இல்லை. பூக்காரி யார் குடியையும் கெடுக்கவில்லை. பேச்சை வைத்து ஆளை எடை போடுகிற ஊர்தான் அங்கே மாட்டிக்கொண்டு முழிக்கிறது.

அதே சிலபஸைத் தாதாவுக்கு வைத்தால் எப்படி சார்? அவன் மாமூல் பிடுங்கிய பெட்டிக்கடைக்காரர் என்ன ஆனார்? கைகால் முறிந்தவன் எந்த ஆஸ்பத்திரியில் கிடக்கிறான்? கேட்கக்கூடாது. தாதா ஸ்பூனில் சாப்பிடக் கற்றுக்கொண்டாரா, அதுதான் கதை. இந்தி 'முன்னாபா'யை (2003) நாம் 'வசூல்ராஜா' (2004) ஆக்கி விழுந்து விழுந்து சிரித்தோம். நானும்தான்.

நிஜத்தில் நாகரிகமான தாதாவை மும்பை பார்க்காததா? பைகுலா தக்டி சால் அருண் காவ்லி. வெள்ளை உடை, காந்தி குல்லா, சொந்தக் கட்சி. 2004-ல் எம்.எல்.ஏ. இதைவிட என்ன டீசன்ட் வேணும்? அவர் எம்.எல்.ஏ.வாக இருந்தபோதுதான், 2007-ல், சிவசேனா கவுன்சிலர் கமலாகர் ஜாம்சண்டேகர் சொந்த வீட்டுக்குள்ளேயே சுட்டுக் கொல்லப்பட்டார். அந்த வழக்கில் 2012-ல் காவ்லிக்கு ஆயுள் தண்டனை விதித்தார்கள். 2018-ல் இன்னொரு செய்தி வந்தது. நாக்பூர் சிறையில் நடந்த காந்தி சிந்தனைத் தேர்வில் காவ்லிதான் முதல் மார்க்!

செம காமெடி. அப்படியே படம் எடுக்கலாம். ப்ரீவியூ அன்றைக்கு அந்தக் கவுன்சிலர் வீட்டுக்காரர்களுக்கும் முன்வரிசையில் நாலு ஸீட் போடுங்கள். 'ஆனி' ஜோக் வரும்போது ஸ்க்ரீனைப் பார்க்க வேண்டாம், அவர்கள் முகத்தைப் பாருங்கள்.