கந்தக வாடைக்குள் ஒரு நாள்

பள்ளி விடுமுறை நெருங்கினால் இந்தப் பகுதிக்கு வரும் கேள்விகளில் ஒன்று தவறாமல் இருக்கும். "நியூசிலாந்து போகிறோம். ஆக்லாந்தில் தங்கிக்கொண்டு ரோட்டோருவாவை ஒரே நாளில் பார்த்துவிட்டு வந்துவிடலாமா?"

வந்துவிடலாம். ஆனால் எனக்கு அது பிடிக்காது. ஆக்லாந்திலிருந்து ரோட்டோருவா ஏறக்குறைய 230 கிலோமீட்டர். போக மூன்று மணி நேரம், வர மூன்று மணி நேரம். பேருந்தில் பிள்ளைகள் தூங்கி எழுந்து "இன்னும் எவ்வளவு தூரம்?" என்று கேட்டே பாதிப் பகல் போய்விடும். ஓர் இரவு ரோட்டோருவாவில் தங்கி, மறுநாள் காலை அங்கிருந்தே புறப்படும் ஒருநாள் சுற்றுலாவில் சேருங்கள். அதே பணம், இரண்டு மடங்கு நேரம்.

ஊருக்குள் நுழையும்போதே மூக்கு சொல்லிவிடும். அழுகிய முட்டை வாடை. பூமிக்கடியிலிருந்து கசியும் ஹைட்ரஜன் சல்ஃபைடு வாயுவின் வேலை இது. அரை மணி நேரத்தில் மூக்கு பழகிவிடும். ஆனால் ஒன்று: வெள்ளிக் கொலுசு, பிள்ளைகளின் வெள்ளி அரைஞாண் கயிறு இவற்றை ஹோட்டலிலேயே கழற்றி, காற்றுப் புகாத பையில் வைத்துவிடுங்கள். அந்த வாயு பட்டால் வெள்ளி கறுத்துவிடும்.

நம் பக்கமும் வெந்நீர் ஊற்றுகள் உண்டு. செம்பவாங்கில் குடும்பத்தோடு போய் முட்டை வேகவைத்திருப்பீர்கள், பேராக்கில் சுங்கை கிளாவிலும் அப்படியே. அவை எரிமலையால் வந்தவை அல்ல. மழைநீர் பாறைப் பிளவுகள் வழியே ஆழத்துக்கு இறங்கி, அங்குள்ள சூட்டில் கொதித்து மேலே வருகிறது. ரோட்டோருவாவில் கதை வேறு. அந்த வட்டாரம் முழுவதும் தாவ்போ எரிமலை மண்டலத்தின் மேல் உட்கார்ந்திருக்கிறது. உருகிய பாறையின் சூடு அதிக ஆழத்தில் இல்லை. அதனால் சேறு கொதிக்கிறது, பூங்காவில் புகை வருகிறது, சில வீடுகளின் பின்கட்டில்கூட நீராவி கிளம்புகிறது.

சுற்றுலாவில் பெரும்பாலும் முதலில் நிற்கும் இடம் வை-ஓ-தாப்பு. மாவோரி மொழியில் 'வை' என்றால் நீர், 'தாப்பு' என்றால் புனிதமானது, தீண்டக்கூடாதது. அங்கே லேடி நாக்ஸ் என்ற வெந்நீர்ப் பீச்சு தினமும் காலை 10.15க்குப் பீறிடும். மணியடித்தாற்போல் எப்படி என்று பிள்ளைகள் கேட்பார்கள். ஊழியர் ஒருவர் வந்து அதன் வாயில் சோப்பைப் போடுகிறார், அவ்வளவுதான். கீழே மிகச் சூடான நீர். மேலே அதைவிடக் குறைந்த சூட்டில் ஒரு நீரடுக்கு. சோப்பு நீரின் மேற்பரப்பு இழுவிசையைக் குறைத்து, இரண்டையும் கலக்கவிட, நீர் பொங்கி மேலெழுகிறது. 1901இல் அங்கே அடைக்கப்பட்டிருந்த கைதிகள் துணி துவைக்கப்போய்த் தற்செயலாகக் கண்டறிந்த வித்தை இது. ரசிக்கலாம், ஆனால் அதையே அன்றைய உச்சமாக நினைத்துவிடாதீர்கள். எனக்கு அதைவிட அருகிலுள்ள ஷாம்பெயின் குளம்தான் மனத்தில் நிற்கிறது. சுமார் 65 மீட்டர் அகலம், 74 பாகை செல்சியஸ் சூடு, கரையெங்கும் ஆரஞ்சு வண்ண விளிம்பு. அந்த வண்ணத்தில் ஆர்சனிக்கும் ஆன்டிமனியும் இருக்கின்றன. கை வைத்துப் பார்க்க ஆசைப்படும் பிள்ளையின் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

இங்கேதான் வழிகாட்டியின் பெயர் வருகிறது. "கைத்தொலைபேசியில் எல்லாம் இருக்கிறதே, வழிகாட்டிக்கு எதற்கு வெள்ளி?" என்று கேட்கும் இளையவர்களுக்காகவே இதை எழுதுகிறேன்.

ரோட்டோருவாவின் வழிகாட்டிச் சுற்றுலா ஏறக்குறைய 150 ஆண்டுப் பழக்கம். அன்று உலகம் தேடிப்போனது இளஞ்சிவப்பு, வெள்ளைப் படிகள் என்ற இரண்டு அதிசயங்களை. வெந்நீர் வழிந்து வழிந்து, அதிலிருந்த சிலிக்கா படிந்து, மலைச்சரிவில் தாமாகவே உருவான படிக்கட்டுக் குளங்கள் அவை. ரோட்டோமஹானா ஏரிக்கரையில் இருந்தன. தே வைரோவா என்ற மாவோரி ஊரில் தங்கி, தாராவேரா ஏரியைப் படகில் கடந்து, பிறகு நடந்து போக வேண்டும். அழைத்துப் போனவர்கள் தூஹோராங்கி இனத்துப் பெண்கள். அவர்களில் பெயர் பெற்றவர் சோஃபியா ஹினேராங்கி. தாய் மாவோரி, தந்தை ஸ்காட்லாந்துக் கொல்லர். இரண்டு மொழியிலும் சரளமாகப் பேசுவார்.

1886 மே 31 அன்று சோஃபியா பயணிகளுடன் படகில் போனபோது ஏரியின் நீர்மட்டம் விநோதமாக ஏறி இறங்கியது. தொலைவில் ஒரு பழைய போர்ப்படகு தென்பட்டதாகப் படகிலிருந்த மாவோரிகளும் வெள்ளையர்களும் சொன்னார்கள். அப்படி ஒரு படகு அந்த ஏரியில் கிடையாது. ஊர் மக்கள் அதைக் கெட்ட சகுனமாக எடுத்துக்கொண்டார்கள். பேய்ப்படகை நம்புவதும் நம்பாததும் உங்கள் விருப்பம். நீர்மட்டம் மாறியதை மட்டும் எரிமலை ஆய்வாளர்கள்கூட ஒதுக்கித் தள்ளுவதில்லை.

பதினோராம் நாள், ஜூன் 10 விடியுமுன் தாராவேரா மலை வெடித்தது. 17 கிலோமீட்டர் நீளத்துக்குப் பூமி பிளந்தது. 100க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் மாவோரிகள். கரையோர ஊர்கள் சேற்றுக்கும் சாம்பலுக்கும் அடியில் போயின. தே வைரோவாவில் கூரைகள் பாரம் தாங்காமல் விழுந்துகொண்டிருந்தபோது, செங்குத்தான கூரையுள்ள சோஃபியாவின் வீடு நின்றது. 60க்கும் மேற்பட்டவர்கள் அதற்குள் ஒண்டி உயிர் பிழைத்தார்கள். படிகள் போய்விட்டன. ஏரிக்கடியில் அவற்றில் ஏதேனும் மிச்சமிருக்கிறதா என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதிட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

வீடிழந்த தூஹோராங்கி மக்களில் பலருக்கு இடம் கொடுத்தது ஃபாக்காரேவாரேவா கிராமம். சோஃபியாவும் அங்கேயே போய் மறுபடி வழிகாட்டியானார். இன்று அந்தக் கிராமத்தில் உங்களை அழைத்துச் சுற்றிக் காட்டுகிறவர்கள் அந்தச் சமூகத்தவர்கள். அது காட்சிக்காகக் கட்டிய ஊர் அல்ல, ஆட்கள் குடியிருக்கும் ஊர். கொதிக்கும் ஊற்றில் பையோடு இறக்கிய சோளக்கதிர் சில நிமிடத்தில் வெந்துவிடுகிறது. இறைச்சியும் கிழங்கும் நீராவிப் பெட்டிக்குள் வேகின்றன. சைவக்காரர்கள் கவலைப்பட வேண்டாம், அந்தச் சோளம் ஒன்றே போதும். தரை சூடாக இருப்பதால் இறந்தவர்களைக் குழிக்குள் புதைக்க முடியாது. கல்லறைகள் தரைக்கு மேலே வெள்ளையடித்து நிற்கின்றன. இதைப் பார்த்துவிட்டு ஒரு பாட்டி, பேரனை அழைத்துப் படம் எடுக்காதே என்று மெல்லச் சொன்னதைக் கண்டேன். எந்த அறிவிப்புப் பலகையும் அவருக்குத் தேவைப்படவில்லை.

பக்கத்திலேயே தே புயாவில் போஹுத்து பீச்சு இருக்கிறது. ஒரு நாளில் 20 முறைவரைகூடப் பீறிடும், 30 மீட்டர்வரை எழும். நம் அடுக்குமாடி வீட்டின் 10வது மாடி உயரம். நேரம் சொல்லி வராது. அருகிலுள்ள 'வேல்ஸ் இளவரசர் இறகுகள்' என்ற சிறிய பீச்சு முதலில் துள்ளத் தொடங்கும், பிறகுதான் பெரியவர் வருவார். வழிகாட்டி அதைப் பார்த்துவிட்டு நம்மை நிறுத்திவைப்பார். தெரியாதவர்கள் அந்த நேரம் பார்த்துக் கழிவறைக்குப் போயிருப்பார்கள்.

இந்தப் போஹுத்துவே ஒரு காலத்தில் ஆபத்தில் இருந்தது. ரோட்டோருவாவில் வீட்டுக்கு வீடு, ஹோட்டலுக்கு ஹோட்டல் துளையிட்டு வெந்நீரை உறிஞ்சினார்கள். குளிக்க, அறையைச் சூடாக்க, நீச்சல் குளத்துக்கு என்று இலவசச் சூடு. 1970களில் ஊற்றுகள் ஒவ்வொன்றாக அடங்கின. பாப்பாக்குரா என்ற பீச்சு 1979இல் நின்றேபோனது. 1980களின் நடுவில் அரசாங்கம் தலையிட்டு, போஹுத்துவிலிருந்து 1.5 கிலோமீட்டர் சுற்றளவில் இருந்த துளைக்கிணறுகளை மூட உத்தரவிட்டது. ஊரில் பெரும் கொதிப்பு. குளிர்காலத்தில் வீட்டின் வெந்நீரை ஒரே நாளில் பறிகொடுப்பது சும்மாவா? எதிர்த்தவர்களின் கோபம் நியாயமானதுதான். ஆனால் நிலத்தடி அழுத்தம் மெல்ல ஏறியது, ஊற்றுகள் திரும்பின. 2015இல், 36 ஆண்டுகளுக்குப் பிறகு, பாப்பாக்குராவும் மறுபடி பீறிட்டது. மின்கட்டணம் உயர்ந்த அந்தக் குடும்பங்களை நினைக்காமல் இந்தப் பீச்சுகளைப் படம் எடுத்துக்கொண்டு வருவது எனக்குச் சரியாகப் படவில்லை.

பாதுகாப்பு பற்றி ஒன்று சொல்ல வேண்டும். 2019 டிசம்பர் 9 அன்று, ஃபாக்காரி என்ற வெள்ளைத் தீவு எரிமலை வெடித்தபோது அங்கே 47 பேர் இருந்தார்கள். வழிகாட்டிகள் உட்பட 22 பேர் மாண்டார்கள். அதற்கு மூன்று வாரம் முன்பே எச்சரிக்கை நிலை 2 ஆக உயர்த்தப்பட்டிருந்தது. வழிகாட்டி இருக்கிறார் என்பதே பாதுகாப்புக்கு உத்தரவாதம் ஆகாது. எரிமலைப் பள்ளத்துக்குள் இறங்கும் எந்தச் சுற்றுலாவானாலும், முன்பதிவு செய்யும்போதே இன்றைய எச்சரிக்கை நிலை என்ன என்று கேளுங்கள். அதிகாரபூர்வ நிலையை நியூசிலாந்தின் ஜியோநெட் எல்லாருக்கும் இலவசமாக வெளியிடுகிறது. கேள்வியைக் கேட்டதும் மழுப்புகிற நிறுவனத்தை விட்டுவிடுங்கள். ரோட்டோருவாவின் ஊற்றுப் பூங்காக்கள் அந்த வகையல்ல. அங்கே ஆபத்து பெரும்பாலும் வேலியைத் தாண்டுவதில்தான். வைமாங்கு பள்ளத்தாக்கில் 1903இல் அப்போது உலகிலேயே உயரமாகப் பீறிட்ட பீச்சின் அருகே மிக நெருங்கிப் போன நான்கு பேரை அது அடித்துக்கொண்டு போய்விட்டது. அவர்களில் ஒருவர் வழிகாட்டி.

மாலையில் குளியல். ஏரிக்கரையில் இருக்கும் பாலினேசியன் ஸ்பாவில் இருவகை நீர் உண்டு: அமிலத்தன்மையுள்ளது ஒன்று, காரத்தன்மையுள்ளது இன்னொன்று. 1878இல் மூட்டு வலியால் அவதிப்பட்ட பாதிரியார் ஒருவர் அமில நீரில் குளித்து வந்து சுகமடைந்தார் என்பதால் அதற்குப் 'பாதிரியார் குளம்' என்று பெயர். நாள் முழுதும் நடந்த கால்களுக்கு இதம், அதில் சந்தேகமில்லை. நோய் தீருமா என்றால் நான் உறுதி சொல்ல மாட்டேன். இரத்த அழுத்தம், இதய நோய் உள்ள பெரியவர்களும் கர்ப்பிணிகளும் மருத்துவரைக் கேட்காமல் இறங்க வேண்டாம். மற்றவர்களும் பத்து, பதினைந்து நிமிடத்துக்கு ஒருமுறை மேலேறித் தண்ணீர் குடியுங்கள்.

காட்டோடைகளிலும் திறந்தவெளி வெந்நீர்க் குளங்களிலும் மட்டும் ஒரு கண்டிப்பு: தலையை நீருக்குள் அமிழ்த்தக் கூடாது. மூக்கு வழியே ஏறி மூளையைத் தாக்கும் ஓர் அமீபா அந்த நீரில் இருக்கக்கூடும். அரிதுதான், ஆனால் வந்தால் பிழைப்பது கடினம். முங்கிக் குளிக்காவிட்டால் குளித்ததாகவே தோன்றாத நம் வீட்டுப் பிள்ளைகளிடம் இதைக் கரையிலேயே சொல்லிவிடுங்கள்.

செலவைப் பார்க்கிறவர்களுக்கு, ஊர் நடுவிலேயே குயிராவ் பூங்கா இருக்கிறது. கொதிக்கும் சேற்றையும் புகையும் குளங்களையும் வேலிக்கு இப்பால் நின்று காசில்லாமல் பார்க்கலாம், கால் நனைக்கத் தொட்டிகளும் உண்டு. சுற்றுலாச் சீட்டு வாங்கும்போது நுழைவுக் கட்டணமும் குளியலும் அதில் அடங்குமா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பல இடங்களில் அடங்காது. ஜூன் விடுமுறையில் போனால் அங்கே குளிர்காலம். கம்பளிச் சட்டை தேவை. அந்தக் குளிரில்தான் ஆவி அடர்த்தியாகத் தெரியும், அதற்காகவே நான் ஜூனைத் தேர்ந்தெடுப்பேன். குளிக்கும் உடைக்குப் பழையதாக ஒன்றை எடுத்துப் போங்கள். நான்கைந்து முறை துவைத்த பிறகும் அந்த வாடை கொஞ்சம் மிச்சமிருக்கும்.