க்ரீமுக்கு அடியில் என்ன இருக்கிறது?

போன மாதம் ஒரு சனிக்கிழமை ராத்திரி. லூசியானாவின் பேட்டன் ரூஜில் நாங்கள் நாலு பேர் சேர்ந்து வாடகைக்கு இருக்கும் வீட்டில் அன்றைக்குச் சமையல் என் முறை. இறாலும் சாஸேஜும் போட்டு, தாராளமாக க்ரீம் ஊற்றி, 'கிரியோல் பாஸ்தா' என்று ஒன்றைச் செய்து மேஜையில் வைத்தேன். ரூம்மேட்களில் ஒருவன் நியூ ஆர்லியன்ஸில் பிறந்து வளர்ந்தவன். ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு, "சாப்பிடலாம். ஆனா இதுக்கு கிரியோல்னு பேர் வைக்காதே, எங்க பாட்டி பார்த்தா அழுதுடுவாங்க" என்றான். ஏன்டா என்றால், பாஸ்தா இத்தாலிக்காரன் சரக்காம், க்ரீம் ஹோட்டல்காரன் சரக்காம்.

பரீட்சைக்குப் படிக்க வேண்டிய ரெண்டு வாரம் இதையே யோசித்துக்கொண்டிருந்தேன் :-) என் முடிவு: அவன் சொன்னதில் பாதி தப்பு, பாதி சரி.

முதலில் தப்பான பாதி. நியூ ஆர்லியன்ஸ் 1718-ல் பிரெஞ்சுக்காரர்கள் உருவாக்கிய ஊர். பிறகு ஸ்பெயின் கைக்குப் போய், 1803-ல் அமெரிக்காவுக்கு விற்கப்பட்டது. அந்த ஊர் அடுப்புகளில் நின்று சமைத்தவர்களில் பெரும்பாலோர் ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களும் அவர்களுடைய வம்சாவளியினரும்தான். 'கம்போ' என்ற புகழ்பெற்ற குழம்பின் பெயரே வெண்டைக்காயைக் குறிக்கும் ஆப்பிரிக்கச் சொல்லிலிருந்து வந்தது. அதைக் கெட்டியாக்கப் போடும் சாசாஃப்ராஸ் இலைப்பொடி அங்கிருந்த சாக்டா பழங்குடி மக்கள் கொடுத்தது. ஆக, கிரியோல் சமையலில் 'சுத்தமான' காலம் என்று ஒன்று இருந்ததே கிடையாது.

பாஸ்தாவும் நேற்று வந்த விருந்தாளி அல்ல. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் சிசிலித் தீவிலிருந்து ஆயிரக்கணக்கான பேர் இங்கே வந்து குடியேறினார்கள். பிரெஞ்சு குவார்ட்டரின் ஒரு பகுதியையே 'குட்டி பலெர்மோ' என்று கூப்பிட்டார்கள். அவர்களுக்கு மாலை மரியாதை எல்லாம் கிடைக்கவில்லை. 1891 மார்ச்சில் இதே ஊரில் ஒரு கும்பல் சிறைக்குள் புகுந்து 11 இத்தாலியர்களைக் கொன்றது. அப்படிப்பட்ட ஊரில் தங்கி, கடை போட்டு, தங்கள் சாப்பாட்டை ஊர்ச் சாப்பாடாக மாற்றியவர்கள் அவர்கள். 130 வருடம் கழித்து பாஸ்தாவைப் பார்த்து "நீ வெளியாள்" என்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

இப்போது சரியான பாதி. க்ரீம் தப்பில்லை, க்ரீமை வைத்து மறைப்பதுதான் தப்பு. அன்றைக்கு நான் செய்தது அதைத்தான். வெங்காயத்தை அரைகுறையாக வதக்கினேன், கடையில் வாங்கிய மசாலாப் பொடியைக் கொட்டினேன், இறாலைப் பத்து நிமிஷம் வேகவிட்டு ரப்பராக்கினேன். அந்தப் பொடியில் உப்பு, சாஸேஜில் உப்பு, பாஸ்தா வெந்த தண்ணீரில் உப்பு. வாயில் வைக்க முடியாமல் போனதும் இன்னும் ஒரு கப் க்ரீம் ஊற்றிச் சமாளித்தேன். பார்க்க ரொம்ப அழகாகத்தான் இருந்தது!

போன வாரம் மறுபடி செய்தேன். நாலு பேருக்கு 300 கிராம் இறால். ஓட்டை உரித்துத் தூக்கி எறியாமல், மூணு கப் தண்ணீரில் அரை மணி நேரம் கொதிக்கவிட்டு வடிகட்டினேன். 'ஆன்டூயி' என்கிற புகையூட்டிய பன்றி சாஸேஜ் 200 கிராமை வட்டமாக நறுக்கி, அதன் கொழுப்பிலேயே ஓரம் கருகாமல் சிவக்க விட்டேன். அதே சட்டியில் வெங்காயம், செலரி, குடைமிளகாய். இந்த மூன்றையும் இங்கே 'புனித மும்மூர்த்தி' என்பார்கள். கால் மணி நேரம் பொறுமையாக வதங்க வேண்டும். பிறகு பூண்டு, தைம், மிளகாய்த்தூள், ஒரு தக்காளி. இறால் ஓட்டுச் சாறு ஊற்றிப் பாதியாகச் சுண்டவிட்டேன். உப்பு கடைசியில், ருசி பார்த்த பிறகுதான்.

க்ரீம் முக்கால் கப் போதும். கொழுப்பு அதிகமுள்ள கெட்டி க்ரீமாக இருக்க வேண்டும். பாலை ஊற்றினால் தக்காளிப் புளிப்பில் திரிந்துவிடும். இறால் கடைசி மூணு நிமிஷம். அப்புறம் முக்கால் பதம் வெந்த 250 கிராம் பாஸ்தாவைப் போட்டுப் புரட்டினால் முடிந்தது. வித்தியாசம் என்னவென்றால், இந்தத் தடவை க்ரீம் இல்லாமலே குழம்பு நன்றாக இருந்தது. க்ரீம் வந்து அதை மென்மையாக்கியது, அவ்வளவுதான்.

க்ரீமுக்கு அடியில் ஒளிந்துகொள்வது என் மாதிரி சோம்பேறிச் சமையல் மட்டும் இல்லை. அமெரிக்காவில் சாப்பிடும் இறாலில் பெரும்பங்கு இறக்குமதி. அதிலும் கடந்த பத்தாண்டில் அதிகமாக அனுப்பியது நம் இந்தியா. ஆந்திரா முதல் தமிழ்நாடு வரை பண்ணைக் குளங்களில் வளரும் வன்னாமி இறால்தான் பெரும்பாலும். அது மட்டமான இறால் என்று நான் சொல்ல மாட்டேன். நம்மூரில் எத்தனையோ குடும்பங்களுக்குச் சோறு போடுவது அது. ஆனால் அதை வளைகுடாவில் பிடித்த இறால் மாதிரி காட்டி விற்றால், இங்கே படகு ஓட்டுகிறவன் பிழைப்பு போகிறது. வெளிநாட்டு இறாலைப் பரிமாறினால் உணவகங்கள் அதைச் சொல்லியாக வேண்டும் என்று லூசியானாவில் சட்டமே இருக்கிறது. கெட்டியான குழம்பில் மூழ்கிய இறால் எந்த ஊர் என்று நாக்குக்குத் தெரியாது. அதனால் வாய் திறந்து கேட்கத்தான் வேண்டும்.

என் கட்சி இதுதான். எது கிரியோல், எது இல்லை என்று பொருள் பட்டியலை வைத்து முடிவு செய்யாதீர்கள். எந்த ஊர்க்காரன் எதைக் கொண்டுவந்தாலும் அந்தச் சட்டியில் இடம் இருந்திருக்கிறது. ஆனால் சட்டியில் இருப்பது என்ன, யார் கொடுத்தது என்று ஒளிக்காமல் சொல்ல வேண்டும். வேலையைச் செய்யாமல் மேலே வெள்ளையடித்துவிட்டு ஊர்ப் பேரை ஒட்டுவதுதான் அந்தச் சமையல்காரர்களுக்குச் செய்யும் அவமரியாதை.

போன வாரத் தட்டை அந்த ரூம்மேட் வழித்துச் சாப்பிட்டான். "இப்போ பேர் வைக்கலாமா?" என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "வச்சுக்கோ. பாட்டிகிட்ட மட்டும் சொல்லாதே" என்றான்.